ஆறாத டீ

அந்த வீட்டுக்கு முதல் நாள் போனபோதே நர்ஸுக்கு நின்றபடி தூக்கம் வந்தது. காலையில் ஆஸ்பத்திரி வார்டில் டியூட்டி, மதியத்துக்கு மேல் இந்த வீட்டில் ஒரு நோயாளி, இரவு எட்டு மணிக்கு வீட்டுப் பக்கம் இறக்கிவிடும் பஸ். இப்படி ஓர் ஏற்பாட்டுக்கு யாரும் ஆசைப்பட்டு ஒப்புக்கொள்ள மாட்டார்கள். புருஷன் தையல்காரன். வரிசையாக ரெடிமேட் கடைகள் வந்து அவன் மெஷினைப் பாதி நாள் சும்மா உட்கார வைத்துவிட்டன. இவள் ஓடினால்தான் வீடு ஓடும் என்று ஆகிவிட்டது. ஓடினாள்.

கேட்டைத் திறந்ததும் முன்னறை ஜன்னலில் திரை ஒரு விரல் அகலத்துக்கு விலகியது. கம்பியில் வளையங்கள் உரசும் சத்தம் வாசல்வரை கேட்டது. இப்படி மறைந்து பார்ப்பது பொம்பளையாகத்தான் இருக்கும், அப்பாடா, வீட்டில் ஒரு பொம்பளை ஆள் இருக்கிறது என்று அவளுக்கு நிம்மதி. தனி ஆம்பளை நோயாளி வீட்டுக்கு வேலைக்குப் போக யாருக்குத்தான் பிடிக்கும்?

கதவு வெறுமனே சாத்தியிருந்தது. முன்னறையில் யாரும் இல்லை. ஜன்னலோரம் ஒரு நாற்காலி, பக்கத்தில் சாப்பாட்டு மேஜை, மேஜையில் தட்டுப் போட்டு மூடிய ஒரு பாத்திரம். திரும்பத் திரும்பச் சுடவைத்த சாப்பாட்டின் வாசம் அறையில் கனமாக நின்றது. பையை வைக்கலாம் என்று நாற்காலியில் கை ஊன்றினாள். யாரோ இப்போதுதான் எழுந்து போனதுபோல் அது சூடாக இருந்தது.

நோயாளி உள்ளறையில் இருந்தார். தெருவில் அவருக்குக் காலக்காரர் என்று பெயர். வழி கேட்டபோது முனையிலிருந்த மருந்துக்கடைக்காரர், "காலக்காரர் வீடா? நேரா போய் கடைசி கேட்" என்று சிரித்துக்கொண்டே சொல்லியிருந்தார். அந்தக் காலத்தில் நேரத்தைப் பிடித்து வைக்கும் பெட்டி ஒன்றைக் கண்டுபிடித்தவராம். பறித்த பழத்தை வருஷக்கணக்கில் வாடாமல் வைத்துக் காட்டுவாராம். ஒரு மெழுகுவர்த்தி அவர் அறையில் வாரக்கணக்கில் எரியுமாம். காரில் எல்லாம் ஆட்கள் வந்து பார்த்துவிட்டுப் போனார்களாம். பிறகு என்ன ஆயிற்றோ, ஒருவரும் வருவதில்லையாம்.

கட்டிலில் படுத்திருந்தவரைப் பார்த்ததும் ஆள் மாறிவிட்டது என்று நர்ஸ் நினைத்தாள். டாக்டர் சீட்டில் வயது எண்பதைத் தாண்டியிருந்தது. இவருக்கு நாற்பது சொல்லலாம். தலை கருகருவென்று இருந்தது.

"அப்பா எங்க இருக்காரு சார்?" என்று கேட்டாள்.

"நான்தாம்மா நோயாளி. எல்லாரும் என்னை என் பையன்னு நினைப்பாங்க. எனக்குப் பையனே கிடையாது."

கீழே விழுந்ததில் இடுப்புக்குக் கீழே அவருக்கு உணர்வு போய்விட்டிருந்தது. உடம்பைத் துடைக்க வேண்டும், பக்கம் மாற்றிப் படுக்க வைக்க வேண்டும், முதுகுப் புண்ணுக்கு மருந்து வைத்துக் கட்ட வேண்டும். செய்து செய்து கை பழகிய வேலைதான். செய்துகொண்டிருக்கும்போதே அவளுக்குக் கண் சொக்கியது. கட்டுத்துணியைப் பிடித்தபடி ஒரு தடவை அப்படியே தலை சாய்ந்துவிட்டது. அவர் பார்த்துவிட்டார். கோபப்படவில்லை.

"உங்களுக்காக வீட்டுல யாராச்சும் காத்திருப்பாங்களா?" என்று கேட்டார்.

இதென்ன கேள்வி என்று தோன்றினாலும் பதில் சொன்னாள். புருஷன் இருக்கிறான், தினமும் பஸ் ஸ்டாப்புக்கு ஸ்கூட்டரில் வந்து நிற்பான், பஸ் கதவு திறந்ததும் ஹாரன் அடிப்பான், இரண்டு குட்டை, ஒரு நெட்டை. அதைச் சொல்லும்போது அவளுக்கே லேசாகச் சிரிப்பு வந்தது.

"அப்ப உங்களுக்கு நல்லாத் தூக்கம் வரும்" என்றார் அவர். "பக்கத்து ரூம்ல கட்டில் இருக்கு. கதவைச் சாத்திட்டு, தலைமாட்டுப் பெட்டியில இருக்கற திருகைத் திருப்பிட்டுப் படுங்க. இந்த டீ ஆறுறதுக்குள்ள எந்திரிச்சு வந்துடலாம்."

கட்டிலுக்குப் பக்கத்து மேஜையில் அவள் தனக்காகப் போட்டுவைத்த டீ ஆவி பறந்துகொண்டிருந்தது. ஏதோ கிறுக்கு என்று நினைத்தாள். ஆனாலும் அடித்துப்போட்டது போன்ற அசதி. நோயாளியே போய்ப் படு என்று சொல்லும்போது எத்தனை பேர் மாட்டேன் என்பார்கள்?

ஜன்னல் இல்லாத சின்ன அறை அது. தரையிலிருந்து கூரைவரை நான்கு சுவரிலும் செம்புக் கம்பி நெருக்கமாகச் சுற்றியிருந்தது. பாபினில் நூல் சுற்றியது மாதிரி என்று தையல்காரன் பெண்டாட்டிக்குத் தோன்றியது. திருகைத் திருப்பினாள். தெருச் சத்தம் பட்டென்று அடங்கியது. எங்கோ முன்னறைப் பக்கம் பாத்திரத்திலிருந்து தட்டை எடுத்துத் திரும்ப மூடும் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு ஒன்றும் கேட்கவில்லை.

கல்யாணத்துக்கு முன்பு தூங்கியதுபோல் தூங்கினாள். கனவு இல்லை, புரளல் இல்லை. விழித்தபோது உடம்பு பஞ்சாக இருந்தது. ஐயோ, இரவாகிவிட்டதே என்று பதறிக்கொண்டு வெளியே ஓடிவந்தாள்.

டீயில் இன்னும் ஆவி பறந்துகொண்டிருந்தது.

அன்று இரவு பஸ்ஸிலிருந்து இறங்கியபோது வழக்கம்போல ஹாரன் அடித்தது. அவன் பின்சீட்டைத் துணியால் துடைத்துவிட்டு, "வாங்க சிஸ்டர், இன்னைக்கு எத்தனை பேரைக் குத்துனீங்க?" என்றான். கட்டின பெண்டாட்டியை ஊர் முழுக்கக் கூப்பிடுவதுபோல சிஸ்டர் என்று அழைப்பது அவன் பழைய கேலி. அவன் அம்மா இருந்தவரைக்கும் அதற்காகத் திட்டு வாங்குவான். கொஞ்ச காலமாக அந்தக் கேலிக்கு முகம் கொடுக்கக்கூட அவளிடம் தெம்பு இல்லை. அன்றைக்கு வாய்விட்டுச் சிரித்தாள். அவன் திரும்பிப் பார்த்தான். எவ்வளவு நாளாயிற்று என்று அவன் முகம் சொன்னது.

பிறகு தினமும் அந்த அறைக்குள் போய்ப் படுத்தாள். வார்டில் கூட வேலை பார்ப்பவர்கள், என்ன கிரீம் போடுகிறாய் என்று கேட்டார்கள். வீட்டுக்கு வந்து சமைத்தாள், துணி துவைத்தாள், அதற்குப் பிறகும் உட்கார்ந்து பேசினாள். இத்தனை வருஷ அலுப்பும் கழன்று விழுந்ததுபோல் இருந்தது. சந்தோஷமாக இருந்தாள், அதில் என்ன தப்பு?

முன்னறைப் பெண்மணியை மட்டும் அவள் பார்க்கவே இல்லை. கேட் திறக்கும்போதெல்லாம் திரை விலகும். உள்ளே போனால் நாற்காலி காலி. மேஜையில் சாப்பாடு எப்போதும் சூடாக இருக்கும். ஒருநாள் யார் என்று கேட்டதற்கு, "என் வீட்டுக்காரி. வேற யார் கண்ணுலயும் படமாட்டா" என்றார் காலக்காரர். சங்கோஜக்காரி போலிருக்கிறது என்று விட்டுவிட்டாள்.

தையல்காரன்தான் மாறத் தொடங்கினான். முதலில் ஊசியில் நூல் கோக்க அவளைக் கூப்பிட்டான். கண்ணாடி வாங்கிக் கொடுத்தாள். அடுத்து ஒரு சட்டைக்கு ஒரு கை நீளம், ஒரு கை குட்டையாகத் தைத்துவைத்தான். சட்டைக்காரர் வந்து கத்திவிட்டுப் போனார். காதோரம் நரை இறங்கியது. கேலிக் கதையைத் தொடங்கி, முடிவு மறந்துபோய் நடுவில் நின்றான்.

"இன்னைக்கு பஸ் ஏன் இவ்ளோ லேட்டு?" என்று ஒருநாள் கேட்டான்.

லேட் எல்லாம் இல்லை, தினமும் வரும் நேரம்தான் என்று கைக்கடிகாரத்தைக் காட்டினாள். அவன் நம்பவில்லை. நின்று நின்று கால் மரத்துப்போய்விட்டது, விடியவே விடியாது என்று நினைத்தேன் என்றான். அவள் வார்டு டாக்டரிடம் அழைத்துப் போய் ரத்தம், சர்க்கரை, இதயம் எல்லாம் பார்த்தாள். எல்லாம் சரியாக இருக்கிறது என்றார்கள். நல்லாத் தூங்கச் சொல்லுங்கள் என்றார்கள்.

இங்கேதான் அவள் செய்யக்கூடாததைச் செய்தாள். அவனைக் கவனிக்கத் தெம்பு வேண்டுமே என்று அந்த அறையில் இன்னும் கூடுதலாகத் தூங்கினாள். ஒரு தடவைக்கு இரண்டு தடவையாகப் படுத்தாள். காலக்காரர் போர்வை போதுமா என்று மட்டும் கேட்டார். அந்த நாட்களில் அவர் முகத்திலும் நல்ல தெளிவு இருந்தது. வைத்தியம் வேலை செய்கிறது என்று அவள் பெருமைப்பட்டாள்.

பஞ்சும் மருந்தும் வாங்க மருந்துக்கடைக்குப் போன ஒரு மதியம், பேச்சோடு பேச்சாக, காலக்காரர் வீட்டம்மாவுக்கும் ஏதாவது சத்து மாத்திரை கொடுக்கலாமா, பாவம், சாப்பாட்டை மூடிவைத்துவிட்டு எந்நேரமும் ஜன்னலிலேயே உட்கார்ந்திருக்கிறார்கள் என்றாள்.

மருந்துக்கடைக்காரர் பஞ்சுப் பொட்டலத்தைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றார்.

"அந்தம்மா செத்தப்ப நான் ஸ்கூல்ல படிச்சிட்டிருந்தேன் சிஸ்டர்."

வெயிலில் நடந்து திரும்பினாள். கேட்டைத் திறக்கப் பயமாக இருந்தது. உள்ளே ஒரு மனிதர் பக்கம் மாற்றிப் படுக்க முடியாமல் கிடக்கிறாரே என்ற நினைப்புதான் அவளைத் தள்ளியது.

திரை விலகியது.

வளையங்கள் உரசின.

இந்தத் தடவை அவள் ஜன்னலை நேராகப் பார்த்தாள். திரைக்கும் கண்ணாடிக்கும் நடுவில் யாரும் இல்லை. துணி மட்டும், ஒரு கை பிடித்திருக்கும் இடத்தில் கசங்கி நின்றது.

உள்ளறைக்குப் போய்க் கட்டிலின் கால்பக்கம் நின்றாள். "உங்க வீட்டுக்காரம்மா எப்ப செத்தாங்க?"

அவர் ஆச்சரியப்படவில்லை. "அது ஆச்சும்மா, ரொம்ப வருஷம்."

"அப்ப முன் ரூம்ல யாரு?"

"அவதான்."

அலுத்துப்போன குரலில் அவர் சொல்லத் தொடங்கினார். வாலிபத்தில் கடிகாரம் பழுது பார்த்துக்கொண்டிருந்தவர். ராத்திரியில் வீட்டில் ஏதாவது கழற்றி மாட்டிக்கொண்டு உட்கார்ந்தால் பொழுது போவதே தெரியாது. முன்னறையில் அவர் பெண்டாட்டி சாப்பாட்டை மூடி வைத்துவிட்டு, இதோ வந்துவிடுவார் என்று உட்கார்ந்திருப்பாள். சூடு ஆறும், மறுபடி சுடவைப்பாள். ஒரே இரவு அவருக்கு ஒரு நொடியாகப் போயிற்று, அவளுக்கு ஒரு யுகமாக நீண்டது. அப்படியானால் தன்னிடம் குறைந்தது அவளிடம் கூடுகிறதா என்று யோசித்தார். கூடுகிற அந்த நேரத்தைத் திருப்பி இழுக்க முடியுமா என்று யோசித்தார். வாழ்க்கை முழுக்க அவர் கண்டுபிடித்தது அந்த ஒன்றைத்தான். பெரிய கம்பெனி முதலாளி ஒருவர் பெட்டியை வாங்கிக்கொண்டுபோய்த் தன் அறையில் வைத்தாராம். அங்கே அது அசையவே இல்லையாம். "அந்த மனுஷனுக்காகக் காத்திருக்க உலகத்துல ஒரு ஆள் இல்ல" என்று சொல்லும்போது அவருக்கே சிரிப்பு வந்தது.

நர்ஸ் சிரிக்கவில்லை.

"நேரத்தை உண்டாக்க முடியாதும்மா" என்றார். "ஒருத்தர்கிட்டேருந்து எடுத்து இன்னொருத்தருக்குக் கொடுக்கத்தான் முடியும். நமக்காக யாரு காத்திருக்காங்களோ, அவங்ககிட்டேருந்துதான் வரும்."

அவளுக்குக் கசங்கிய திரை போய், குட்டைக் கைச் சட்டை கண் முன்னே வந்தது. நூல் கோக்க முடியாமல் தடுமாறிய விரல்கள் வந்தன.

"தெரிஞ்சே என்னை அங்க படுக்க வச்சீங்களா?"

"பொய் சொல்லலம்மா. ரூம்ல யாராச்சும் படுத்தா எனக்கும் கொஞ்சம் கிடைக்கும். அவகிட்ட இப்ப அதிகம் மிச்சம் இல்ல. செத்தவங்களுக்கும் களைப்பு இருக்கு." கூரையைப் பார்த்தபடி சொன்னார். "எனக்கு சாகப் பயம்."

அவளுக்கு அவரை அறையவேண்டும் போலிருந்தது. கை எழவில்லை. நீங்கள் போய் உங்கள் பெண்டாட்டியிடம் வந்துவிட்டேன் என்று ஒரு வார்த்தை சொன்னால் என்ன என்று மட்டும் கேட்டாள்.

"சொல்லாமயா? நடக்க முடிஞ்ச காலத்துல அவ எதிர்லயே உட்கார்ந்து சாப்பிட்டேன். என்னைத் தாண்டிக் கதவைப் பார்த்துட்டு இருந்தா. அவளைப் பொறுத்தவரைக்கும், அந்த ரூமுக்குள்ள போன நான் இன்னும் திரும்பி வரல."

பையை எடுத்தாளா, கதவைச் சாத்தினாளா, ஒன்றும் ஞாபகம் இல்லை. முதலில் வந்த பஸ்ஸில் ஏறினாள். வெயில் தாழக்கூட இல்லை. இன்றைக்கு அவன் காத்திருக்கும் முன்பே போய்விடலாம், இனி ஒரு நிமிஷம்கூட அவனைக் காக்க வைக்கக்கூடாது, வேலையும் வேண்டாம் ஒன்றும் வேண்டாம் என்று வழியெல்லாம் முனகிக்கொண்டே வந்தாள்.

பஸ் நின்றது. கதவு திறந்தது.

ஹாரன் அடித்தது. இரண்டு குட்டை, ஒரு நெட்டை.

ஸ்கூட்டர் அங்கேதான் நின்றது. அதன்மேல் உட்கார்ந்திருந்தவன் தலை முழுக்க வெளுத்திருந்தது. சட்டைக்குள் உடம்பு எங்கே இருக்கிறது என்று தேடவேண்டியிருந்தது. ஸ்டாப்பை ஒட்டிய டீக்கடைக்காரர் ஓடிவந்து, "காலையிலேர்ந்து இங்கேயே நிக்கிறாரும்மா. எட்டு மணி ஆச்சா, எட்டு மணி ஆச்சான்னு கேட்டுட்டே இருக்காரு. சொன்னா நம்ப மாட்டேங்கறாரு" என்றார்.

அவள் போய் அவன் இரண்டு கையையும் பிடித்தாள். "ஏங்க. நான் வந்துட்டேன். பாருங்க, வந்துட்டேன்."

அவன் அவளை ஒரு தடவை பார்த்தான். பிறகு அவள் தோளுக்கு மேலாக பஸ் கதவைப் பார்த்தான்.

"கொஞ்சம் தள்ளிக்கிறீங்களா?" என்று மரியாதையாகக் கேட்டான். "என் வீட்டுக்காரி இறங்கணும்."

பஸ் கிளம்பிப் போயிற்று. அவன் பின்சீட்டை ஒரு தடவை துணியால் துடைத்தான். ஹாண்டில்பாரில் தலையைச் சாய்த்தான். அவள் அவன் கையை விடாமல் அப்படியே நின்றாள். கை ஆறிப்போகும்வரை நின்றாள்.

அவனுடைய காரியங்கள் எல்லாம் முடிந்தன. அந்த வீட்டுப் பக்கம் அவள் திரும்பப் போகவில்லை. மருந்துக்கடைக்காரர்தான் போன் செய்து சொன்னார். காலக்காரர் போய்விட்டாராம். காலையில் போய்ப் பார்த்தபோது தலை வெள்ளையாகி, முகமெல்லாம் சுருங்கி, சீட்டில் இருந்த வயதுக்கு ஆள் வந்திருந்தாராம். வீட்டைப் பூட்டிவிட்டார்களாம். சொல்லிவிட்டுக் கொஞ்சம் தயங்கினார். யாராவது கேட்டைத் தொட்டால் திரை மட்டும் இன்னும் விலகுகிறது என்றார்.

ஸ்கூட்டரை வீட்டில் வைத்துக்கொண்டு பார்க்க முடியவில்லை. வெளியூர் மெக்கானிக் ஒருவர் வேனில் ஏற்றிக்கொண்டு போனார். அவள் பழையபடி வார்டுக்குப் போய் வந்தாள். உடம்பில் முன்பிருந்த அத்தனை அசதியும் திரும்ப வந்து உட்கார்ந்துகொண்டது. தூக்கம்தான் வரவில்லை.

ஒரு மாலை பஸ்ஸிலிருந்து இறங்கக் கதவு திறந்தது.

இரண்டு குட்டை, ஒரு நெட்டை.

ஸ்டாப்பில் யாரும் இல்லை. அவன் நிறுத்தும் இடம் வெறும் தரையாகக் கிடந்தது. அங்கே பெட்ரோலும் மெஷின் எண்ணெயும் கலந்த வாசம் இருந்தது. குனிந்து கையை நீட்டினாள். பின்சீட்டு இருக்கவேண்டிய உயரத்தில், காற்று வெதுவெதுப்பாக இருந்தது.

"வந்துட்டேங்க" என்றாள் மெதுவாக. "நீங்க வீட்டுக்குப் போங்க. போதும்."

பின்னால் இன்னொரு பஸ் வந்து நின்றது. அதன் கதவு திறந்ததும் அவள் இடுப்புக்குப் பக்கத்தில் மறுபடி ஹாரன் அடித்தது. அவளைத் தாண்டி, அந்தக் கதவைப் பார்த்து அடித்தது.

அவள் பயப்படவில்லை. பயப்படுவதற்கும் தெம்பு வேண்டும். டீக்கடையில் ஒரு டீ வாங்கிக்கொண்டு வந்து, அவன் நிறுத்தும் இடத்துக்குப் பக்கத்து பெஞ்சில் உட்கார்ந்தாள். இத்தனை நாள் அவன் எனக்காக நின்றான், நான் அவனுக்காக உட்காருகிறேன், என்றைக்காவது ஒருநாள் திரும்பி என்னைப் பார்க்கமாட்டானா என்று நினைத்துக்கொண்டாள். அப்படி நினைத்தபடி டம்ளரை வாய்க்குக் கொண்டுபோனாள்.

டீ ஜில்லென்று இருந்தது. மேலே ஆடை கட்டியிருந்தது.

"என்னம்மா, சூடா இல்லையா?" என்று டீக்கடைக்காரர் எட்டிப் பார்த்தார். "இப்பதானே கொதிக்கக் கொதிக்க ஊத்திக் கொடுத்தேன்."

இருக்கட்டும் அண்ணே என்றாள். ஆடையை விரலால் ஒதுக்கிவிட்டு ஒரு வாய் குடித்தாள். அவன் இப்போது கொஞ்சம் தூங்குவானோ என்னவோ. எப்படியும் அவள் உட்கார்ந்திருக்கப் போகிறாள்.

அடுத்த பஸ் வந்தது. கதவு திறந்தது. யாரும் இறங்கவில்லை.

பக்கத்தில் யாரோ துணியால் எதையோ துடைக்கும் சத்தம் கேட்டது. பிறகு, ஹாரன்.